ஆற்றிலிருந்து தினம் ஒரு படம்

எண்ணை அழுத்தித் திறந்த கராஜ் கதவு பாதி உயர்வதற்குள் சண்முகப்ரியா குனிந்து உள்ளே நுழைந்துவிட்டாள். சுவரில் இருந்த பொத்தானைத் தட்டியதும் கதவு வந்த வழியே இறங்கி, காப்பெல் ஊரின் ஞாயிற்றுக்கிழமை வெயிலை வெளியே தள்ளிவிட்டது.

அக்கா புருஷன் சேனாபதியின் கார் தெரு முனையில் திரும்பி ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. ஞாயிறு பதினோரு மணிக்கு மளிகைக்குப் போவது அவர் வழக்கம். போய்வர நாற்பது நிமிஷம். அதற்காகவே நான்கு வீடு தள்ளி, வாடகைக் காரில் ஒரு மணி நேரமாகக் காத்திருந்தாள். இந்த நாற்பது நிமிஷத்தில் அவளுக்கு வேண்டியது ஒரே ஒரு பொருள்.

அக்கா நாகமணியின் பாஸ்போர்ட்.

அது இந்த வீட்டில் இல்லையென்றால் அக்கா வியட்நாமில் நன்றாக இருக்கிறாள் என்று அர்த்தம். இருந்தால்... நேற்று இரவு சான் ஃபிரான்சிஸ்கோவில் விமானம் ஏறியதிலிருந்து அந்த வாக்கியத்தை அவள் முடிக்கவே இல்லை.

ஆகஸ்ட் கடைசியில் சேனாபதியும் நாகமணியும் வியட்நாம் கிளம்பினார்கள். ஹோய் ஆன் என்கிற ஊர். அங்கே தங்கி, சைக்கிளிலும் படகிலுமாகச் சுற்றுவட்டாரக் கைத்தொழில் கிராமங்களைப் பார்ப்பது என்று திட்டம். பதினைந்து நாளில் சேனாபதி மட்டும் திரும்பி வந்தார்.

"உங்கக்காவுக்கு அந்த ஊர் புடிச்சுப்போச்சு ப்ரியா. லீவை எக்ஸ்டெண்ட் பண்ணிட்டா. இன்னும் ஒரு மாசம் சுத்திட்டுத்தான் வருவாளாம்" என்றார் போனில்.

நம்பாமல் இருக்கக் காரணமில்லை. சாஃப்ட்வேர் டெஸ்டிங்கில் இருபது வருஷம் குப்பை கொட்டியவள் நாகமணி. காய்ச்சலுக்குக்கூட லீவு போடாதவள் ஒருமுறை கயிற்றை அறுத்துக்கொண்டால் யார் கேட்பது? போதாததற்கு வாட்ஸ்அப்பில் அநேகமாகத் தினம் ஒரு படம் வந்தது, கூடவே அக்காவின் நக்கலும்.

தரையோடு தரையாகக் கிடந்த பாய்த் தறியில் இரண்டு பெண்கள். 'ஒருத்தி கோரையை நீட்டுறா, இன்னொருத்தி கட்டையால அடிக்கிறா. நீயும் நானும் மாதிரி. அடிக்கிறது நான்.'

ஒற்றைக் காலால் சக்கரத்தை உதைத்துக்கொண்டே பானை வனையும் ஒரு பெரியம்மா. 'இவங்க கால் பண்ற வேலையை எங்க டீம்ல எட்டு பேர் சேர்ந்து பண்ண மாட்டாங்க.'

மூங்கிலில் பின்னிய வட்டப் பரிசல், வெயிலில் கவிழ்த்துப் போட்டிருந்தது. 'தண்ணி புகாம இருக்க என்ன பூசியிருக்காங்கன்னு கண்டுபிடி பார்ப்போம். சாணி.'

தூ பான் ஆற்றைக் கடக்கும் படகில் சாய்த்து அடுக்கிய சைக்கிள்கள். தச்சர் பட்டறையில் பாதி எலும்பும் பாதி உடலுமாக நிற்கும் மரப்படகு. வயல் நடுவே ஒரு சைக்கிள் அகலத்துக்கு ஓடும் சிமெண்ட் பாதை.

ப்ரியா கூப்பிட்டால் மட்டும் எடுப்பதில்லை. 'சிக்னல் இல்ல, டைப் பண்றேன்' என்று உடனே பதில் வரும்.

நேற்று வந்த படத்தில் மஞ்சளாய், மொறுமொறுவென்று மடித்த ஒரு தோசை. உள்ளே பிதுங்கி நிற்கும் இறால். தட்டின் ஓரத்தில் அக்காவின் கையும் அதே பழைய வளையலும். 'இன்னைக்கு லஞ்ச். நம்ம ஆப்பத்துக்கு அண்ணன்.'

ப்ரியா முதலில் சிரித்தாள். பிறகு தேதியைப் பார்த்தாள்.

புரட்டாசி இரண்டாம் சனிக்கிழமை. மாசம் முழுக்க நாகமணி கவிச்சி தொடமாட்டாள். ஆபீஸ் பிறந்தநாள் கேக்கில் முட்டை உண்டா என்று விசாரித்துவிட்டு, பதில் வருவதற்குள்ளேயே தட்டைத் தள்ளிவைப்பவள். அவள் சனிக்கிழமையில் இறாலா?

"ஊர் விட்டு ஊர் போனா ஒரு இறால் தின்னக்கூடாதா உங்கக்கா? இதுக்கெல்லாம் ஒரு ஃப்ளைட் டிக்கெட்டா?" என்றான் ப்ரியாவின் கணவன் க்ரிஷ்.

"அவ தின்னமாட்டா."

"சாமி உனக்கு நோட்டிஃபிகேஷன் அனுப்பிச்சாரா?"

"அந்தப் படம் புரட்டாசி பொறக்கறதுக்கு முன்னாடி எடுத்தது க்ரிஷ். அதை இன்னைக்கு லஞ்ச்னு அனுப்பறது அவ இல்ல. வேற யாரோ."

க்ரிஷ் லேப்டாப்பைத் திறந்தான். அவனே டிக்கெட் போட்டுக் கொடுத்தான்.

இப்போது ப்ரியா மாடி ஏறினாள். படுக்கையறையை ஒட்டிய துணி அலமாரி அறைக்குள் போய் விளக்கைப் போட்டாள். விசாவில் காலம் தள்ளும் எந்தத் தமிழ் வீட்டிலும் அப்படி ஒரு பை இருக்கும். தீப்பிடித்தால் நகையை விட்டுவிட்டு முதலில் தூக்கிக்கொண்டு ஓடவேண்டிய பை. அக்கா வீட்டில் அது மேல்தட்டில், சூட்கேஸ்களுக்குப் பின்னால் இருந்தது.

ஜிப்பைத் திறந்தாள். ஆளுக்கொரு உறை. மேலே நாகமணியின் அச்செழுத்து போன்ற கையெழுத்தில் பெயர்கள். எல்லாவற்றுக்கும் மேலே தடிமனாக கிரீன் கார்டு விண்ணப்பக் கட்டு.

அந்தக் கட்டின் கதை குடும்பத்தில் எல்லோருக்கும் தெரியும். விண்ணப்பம் நாகமணியின் வேலையை வைத்துப் போட்டது. கணவனும் மகன் இனியனும் அவள் பெயரில் தொற்றிக்கொண்டிருப்பவர்கள். பன்னிரண்டு வருஷக் காத்திருப்பு. இனியன் ஆஸ்டினில் காலேஜ் படிக்கிறான். அக்டோபர் பதினான்கில் அவனுக்கு இருபத்தொன்று முடிகிறது. அதற்குள் கார்டு வந்தாக வேண்டும். வராவிட்டால் பையன் அம்மாவின் விண்ணப்பத்திலிருந்து கழன்றுவிடுவான். இந்த வருஷம்தான் முறை வந்திருக்கிறது, எந்த நாளும் வரலாம் என்று நாகமணி ஜூலையிலிருந்தே தபால்பெட்டியை இரண்டு வேளையும் திறந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

நாகமணி என்று எழுதிய உறைக்குள் ப்ரியா கைவிட்டாள். விரலில் தட்டுப்பட்டது.

பாஸ்போர்ட்.

வெளியே எடுத்தாள். அட்டையின் மூலை கத்தரித்திருந்தது. உள்ளே அக்காவின் முகத்துக்குக் குறுக்கே, ரத்து என்று ஆங்கிலத்தில் ஒரு முத்திரை. வியட்நாமில் உள்ள இந்தியத் தூதரகத்தின் சீல். தேதி செப்டம்பர் பதினொன்று.

புதுப்பித்தாலும் மூலையை வெட்டுவார்கள். ஆனால் ஊர் சுற்றப் போன இடத்தில் யார் பாஸ்போர்ட்டைப் புதுப்பிப்பார்கள்? போனை எடுத்து அக்காவின் எண்ணை அழுத்தினாள்.

ஒரு விநாடி. இரண்டு விநாடி.

முதுகுக்குப் பின்னால் போன் அடித்தது.

ப்ரியா திரும்பினாள். அலமாரி அறையின் வாசலை அடைத்துக்கொண்டு சேனாபதி நின்றிருந்தார். அவர் கையில் நாகமணியின் போன். திரையில் ப்ரியாவின் முகம் ஒளிர்ந்து ஒளிர்ந்து அடங்கிக்கொண்டிருந்தது.

"கராஜ் தொறந்தா என் போனுக்கு மெசேஜ் வரும் ப்ரியா. போன வருஷம் நீதான் செட் பண்ணிக் குடுத்தே" என்றார்.

அவள் ஒரு அடி பின்வாங்கினாள். போன் நழுவித் தரையில் விழுந்தது. முதுகில் அக்காவின் புடவைகள் உரசின.

"அக்கா எங்க மாமா?"

"பாஸ்போர்ட்டைப் பாத்துட்டேல்ல. இன்னும் என் வாயால வேற வரணுமா?"

"வரணும்."

சேனாபதி வாசலிலேயே மடங்கி உட்கார்ந்தார். உட்கார்ந்தபோதுதான் இரண்டே வாரத்தில் மனிதர் எவ்வளவு வற்றிப்போயிருக்கிறார் என்பது ப்ரியாவுக்குத் தெரிந்தது.

"போயிட்டா. ஒம்பதாந்தேதி."

ப்ரியாவுக்கு அழுகை வரவில்லை. காதுக்குள் ஏதோ இரைந்தது.

"எப்படி?"

"பாய் நெய்யற ஊரைப் பாத்துட்டு வர்றோம். கரையில சைக்கிளைப் படகுல ஏத்தணும். படகுக்காரர் நான் ஏத்தறேம்மான்னு கையைக் காட்டினார். இவ கேட்டாத்தானே. எல்லாத்தையும் தானே செய்யணும். பலகை ஈரமா இருந்துச்சு. படகு விளிம்புல பின்மண்டை பட்டுது."

"நீங்க எங்க இருந்தீங்க?"

"பின்னால. அவளை வீடியோ எடுத்துக்கிட்டு இருந்தேன்." அவர் நிமிர்ந்து பார்த்தார். "நான் தள்ளினேன்னு நெனைக்கிறியா? வீடியோ இருக்கு. பாக்கறியா?"

"வேண்டாம்." அவள் பாஸ்போர்ட்டை மூடினாள். "உடம்பு?"

"அங்கயே தகனம். சாம்பலை அந்த ஆத்துலயே கரைச்சேன். கொண்டு வந்தா ஏர்போர்ட்ல பேப்பர் கேப்பாங்க."

"இனியனுக்கு?"

"தெரியாது. அம்மா அனுப்பற படத்துக்கெல்லாம் லைக் போடறான்."

அப்போதுதான் ப்ரியாவுக்கு முழுசாக விளங்கியது. இரைச்சல் நின்று, அந்த இடத்தில் கொதிப்பு ஏறியது.

"கார்டுக்காக. அக்டோபர் பதினாலு வரைக்கும் அவ உயிரோட இருக்கணும். அவ்வளவுதானே? செத்தவ போனைக் கையில வெச்சுக்கிட்டு, அவ மாதிரியே என்னை நக்கல் பண்ணி எழுதியிருக்கீங்க. நான் கட்டில்ல படுத்துக்கிட்டு சிரிச்சிருக்கேன் மாமா. எப்படி மனசு வந்துச்சு எழுத?"

"நான் எழுதல."

"வேற யாரு எழுதினா?"

சேனாபதி சட்டைப் பையிலிருந்து நான்காக மடித்த தாள்களை எடுத்து நீட்டினார். ஆஸ்பத்திரிச் சீட்டுகள். முன்பக்கம் வியட்நாமிய எழுத்து. பின்பக்கம் பேனாவால் கட்டம் போட்டு, ஆபீஸில் டெஸ்ட் கேஸ் எழுதுவது போல வரிசை எண்ணும் தேதியும் போட்டு, எந்தப் படம், அதற்கு என்ன வாசகம் என்று எழுதியிருந்தது. கடைசியாக ஒரு கட்டம். 'ப்ரியா கேட்டால்.'

கூப்பிட்டால்: சிக்னல் இல்லை. வாய்ஸ் மெசேஜ் கேட்டால்: படகு சத்தம், அப்புறம் அனுப்பறேன். சண்டை போட்டால்: ஒரு நாள் பதில் போட வேண்டாம், அவளே இறங்கி வருவாள்.

அந்தக் கையெழுத்தை ப்ரியா தூக்கத்தில்கூட அடையாளம் சொல்வாள்.

இறால் தோசை பதினோராவது வரிசையில் இருந்தது. பக்கத்தில் இரண்டு முறை அடிக்கோடிட்டு: 'செப். 16க்குள் அனுப்பிவிடவும். புரட்டாசி.'

"நடுவுல ரெண்டு மூணு நாள் விட்டுப்போச்சு. எல்லாம் மாறிப்போச்சு. கையில சிக்கினதை அனுப்பினேன்" என்றார் சேனாபதி.

ப்ரியா தாள்களைப் புரட்டினாள். முதல் தாளில் எழுத்து அச்சாக நின்றது. இரண்டாவதில் வரிகள் வலது பக்கமாகச் சரிந்தன. மூன்றாவதில் கட்டமே இல்லை. எழுத்துகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறிக் கிடந்தன. இருபத்தி நான்காவது எண்ணோடு நின்றுபோயிருந்தது.

"இதை எப்ப எழுதினா?" என்றாள் மெதுவாக.

அவர் நாகமணியின் போனைத் தரையில் கவிழ்த்து வைத்தார்.

"மாமா. விழுந்தது என்னைக்கு?"

"ஆறாந்தேதி."

"மூணு நாள் உயிரோட இருந்தாளா?"

"நெனவோட இருந்தா. தலைக்குள்ள ரத்தம் கட்டியிருக்கு, இங்க ஆபரேஷன் பண்ண முடியாது, உடனே பாங்காக் கொண்டுபோங்கன்னு டாக்டர் சொன்னார். அதுக்கு இன்ஷூரன்ஸ்ல சொல்லணும். இன்ஷூரன்ஸ் ஆபீஸோடது. சொன்னா ஆபீஸுக்குத் தெரியும்."

"தெரிஞ்சா தெரியட்டுமே."

"அதைத்தான் அவ வேண்டாம்னா. பொழைச்சாலும் பழையபடி வேலை பாக்க முடியுமான்னு தெரியல, வேலை போச்சுன்னா கேஸ் போச்சு, இனியன் பர்த்டேக்கு அஞ்சு வாரம்தாங்க இருக்குன்னா. நான் இங்கயே கெடக்கறேன், பொழைச்சா பொழைக்கறேன், இல்லைன்னா கார்டு வர்ற வரைக்கும் யார்கிட்டயும் மூச்சு விடாதீங்கன்னு சொல்லிட்டுப் பேனா கேட்டா. முதல் ரெண்டு மெசேஜ் அவளே படுத்துக்கிட்டு அனுப்பினது. நீ பதில் போட்டதைப் படிச்சுக் காட்டச் சொன்னா. கண்ணு தெரியல அப்ப."

ப்ரியா மூன்றாவது தாளை மறுபடி பார்த்தாள்.

"நீங்க என்ன சொன்னீங்க?"

"எதுக்கு?"

"பாங்காக் வேண்டாம்னு அவ சொன்னப்ப. நீங்க என்ன சொன்னீங்க?"

சேனாபதி கம்பளத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"சரின்னேன்."

கீழே எங்கோ ஃப்ரிட்ஜ் உறுமி நின்றது. ப்ரியா தன் போனைத் தரையிலிருந்து எடுத்தாள். இனியனின் எண்ணைத் தேடினாள்.

"இனியனுக்குச் சொல்லப்போறேன். இப்பவே. அப்புறம் உங்க லாயருக்கு. கேஸ் போனா போகட்டும். பையன் இந்தியாவுல படிச்சுக்குவான். பெத்தவ செத்தது தெரியாம ஒரு கார்டு அவனுக்கு வேண்டாம்."

"சொல்லு. நான் தடுக்கல. மளிகைக்கும் போகல நான். முனையில காரை நிறுத்திட்டு, போலீஸுக்குப் போறதா ஆஸ்டின் போறதான்னு உக்காந்திருந்தேன்."

"இவ்வளவு நாள் மறைச்சுட்டு இன்னைக்கு மட்டும் எதுக்கு?"

"வெள்ளிக்கிழமை வேற ஒரு லாயருக்குப் போன் பண்ணேன். ஃப்ரெண்டு ஒருத்தருக்குன்னு சொல்லி, பேரு சொல்லாம கேட்டேன். விண்ணப்பம் போட்ட பொண்டாட்டி நடுவுல செத்துட்டா குடும்பம் என்ன ஆகும்னு. நேத்து ராத்திரிதான் கூப்பிட்டுச் சொன்னாங்க."

"என்ன சொன்னாங்க?"

சேனாபதி அந்தத் தாள்களை அவள் கையிலிருந்து மெல்ல வாங்கி, பழைய மடிப்பிலேயே மடிக்கப் பார்த்தார். மடிப்பு சரியாக விழவில்லை.

"அவ செத்தாலும் கேஸை நடத்த வழி இருக்காம் ப்ரியா. குடும்பத்துல ஒருத்தர் இங்க குடியிருந்தாப் போதும், இனியன் இருக்கானே, அது போதும். டெத் சர்டிஃபிகேட்டை வெச்சு ஒரு லெட்டர் எழுதிக் கேக்கணும், அவ்வளவுதானாம். பதினாறு வருஷமா இருக்கற சட்டமாம்."