துளையிடாத கிண்ணம்

எங்கள் ஊரை விட்டு முதலில் ஓடியது அரசர்தான். மழையை அழைத்து வருகிறேன் என்று கோயில் உச்சியில் ஏறி நின்று நாக்கில் திருக்கை மீன் முள்ளைக் குத்திக்கொண்டவர், ஒரு நாள் காலையில் பார்த்தால் ஆளையே காணோம். பல்லக்கைக் காணோம், மனைவிமார்களைக் காணோம், பச்சைக்கல் மாலைகளைக் காணோம். அவர் பின்னால் எழுத்தர்கள் போனார்கள். அவர்கள் பின்னால் சிற்பிகள். கல் சுமந்தவர்களும் சுண்ணாம்பு சுட்டவர்களும்தான் மிச்சம். ஊரைக் கட்டினவர்கள் நாங்கள், காலி செய்து பூட்ட வேண்டியவர்களும் நாங்களேதான் போலிருக்கிறது.

மூன்று மழைக்காலம் பொய்த்துவிட்டது. பெரிய குளத்தின் அடித்தரையை நான் அந்த வருஷம்தான் முதன்முதலாகப் பார்த்தேன். அதற்குச் சுண்ணாம்பு பூசியது என் கணவர் மூவான். அவர் கை பட்ட தரை பாளம் பாளமாக வெடித்துக் கிடந்தது. சோளம் தீர்ந்து, காட்டுக் கொட்டைகளைப் பொறுக்கி அரைத்துக் கஞ்சி காய்ச்சிக்கொண்டிருந்தோம். எங்கள் தெருவில் மிஞ்சியிருந்த பதினோரு வீட்டுக்காரர்களும் தெற்கே ஆற்றுப் பக்கம் நடப்பதென்று முடிவாயிற்று. ஏழு நாள் நடை. உச்சிப்பொழுதுக்குள் குளக்கரைக்கு வந்துவிட வேண்டும், பிந்தினவர்களுக்காக யாரும் நிற்க மாட்டார்கள். சுரைக்குடுக்கையில் இருந்த தண்ணீர் ஏழு நாளுக்கே காணாது. நிற்கச் சொல்லி எந்த முகத்தோடு கேட்பது?

எனக்கு ஒரே ஒரு காரியம் பாக்கி இருந்தது. அதை முடிக்காமல் ஓர் அடிகூட எடுத்து வைப்பதாக இல்லை. என் மகன் லாமாத் எங்கள் வீட்டுக்குள் மாட்டிக்கொண்டிருந்தான். மாட்டி வைத்தவள் நான்.

அவன் செத்து நான்கு வருஷம். ஐந்து வயசு. மூன்று நாள் காய்ச்சல், அவ்வளவுதான். எல்லா வீட்டிலும் வைப்பதைப் போல அவனையும் படுக்கை மேடைக்குக் கீழே தரையைத் தோண்டித்தான் வைத்தோம். வாயில் சோளமாவு வைத்தாயிற்று. அடுத்து, அவன் சாப்பிட்ட கிண்ணத்தை முகத்தின் மேல் கவிழ்க்க வேண்டும். கவிழ்க்கும் முன்பு பெற்றவள் அதன் அடியில் கல்லுளியால் ஒரு துளை போட்டு, பிள்ளையின் பேரைச் சொல்லி, ‘போ’ என்று சொல்ல வேண்டும். அந்தத் துளை வழியாகத்தான் உயிர் கிளம்பும். துளை இல்லாவிட்டால் அதற்கு வழி ஏது? கிண்ணத்துக்குள்ளேயே முட்டிக்கொண்டு கிடக்க வேண்டியதுதான்.

நான் போடவில்லை. நாய்க்குப் பயந்து என் துணியைப் பிடித்துக்கொண்டே நடந்த பிள்ளையை, அந்த இருட்டு வழியில் தனியாகப் போ என்று எந்த வாயால் சொல்வது? எல்லாருக்கும் முதுகைக் காட்டி உட்கார்ந்தேன். உளியைக் கிண்ணத்துக்குப் பக்கத்துத் தரையில் ஓங்கி ஒரு போடு போட்டேன். வாய்க்குள் எதையோ முனகினேன். முழுக் கிண்ணத்தை அப்படியே கவிழ்த்துவிட்டு எழுந்தேன். நான் அழுததில் யாரும் எதையும் பார்க்கவில்லை என்று நினைத்தேன்.

மூன்று மாதம் கழித்து ஒரு பகலில், மேடைக்குப் பக்கத்தில் மண்டியிட்டுச் சோளம் அரைத்துக்கொண்டிருந்தேன். குழவியை நிறுத்தியதும் கீழேயிருந்து சத்தம் வந்தது. தட், தட், தட். மூன்று தரம். உயிரோடு இருந்தபோது மாவு அரைத்து முடிந்ததும் அவன் தரையைக் கையால் அப்படித்தான் தட்டுவான், ‘தா, தா, தா’ என்று. நான் கொஞ்சம் மாவைக் கரைத்துத் தரை விரிசலில் ஊற்றினேன். சத்தம் நின்றது. அன்றைக்குத்தான் மறுபடி சிரித்தேன்.

அதன் பிறகு நான்கு வருஷமும் இதே கதைதான். நான் அரைப்பேன், நிறுத்துவேன், அவன் தட்டுவான், நான் ஊற்றுவேன். அவனோடு பேசுவேன், திட்டுவேன், கதை சொல்வேன். பிள்ளையைச் சிறை வைத்திருக்கிறோமே என்று ஒரு நாளும் எனக்கு உறைக்கவில்லை. சந்தோஷமாக இருந்தேன், அதை மறைக்க என்ன இருக்கிறது? கணவரிடம் ஒரு தரம் சொன்னதற்கு, “தரை காயுது, அதான் சத்தம் போடுது” என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். சுண்ணாம்பைத் தவிர எதுவும் தெரியாத மனுஷன் என்று விட்டுவிட்டேன்.

ஊரைக் காலி செய்கிறோம் என்றதும்தான் யோசிக்க ஆரம்பித்தேன். நாங்கள் போன பிறகு அந்த வீட்டில் யார் அரைப்பார்கள்? கூரை விழும், காடு உள்ளே வரும், அவன் தட்டிக்கொண்டே கிடப்பான். அவனை அனுப்பிவிட்டுத்தான் போக வேண்டும். அனுப்பினால் எனக்கு அவன் இல்லை. அனுப்பாவிட்டால் அவனுக்கு யாருமே இல்லை.

புறப்படும் நாள் காலையில் என் கணவர் நெற்றியில் மாட்டிச் சுமக்கும் பட்டையில் மூட்டையைக் கட்டிக்கொண்டிருந்தார். நான் குழி தோண்டும் கழியை எடுத்துக்கொண்டு மேடையின் கல்லைப் புரட்டினேன்.

“என்ன பண்ற நீ?”

“பிள்ளைய அனுப்பணும்.”

“அவன் எப்பவோ போயிட்டான். கழியைக் கீழ போடு.”

“போகல. நான் ஓட்டை போடல. போதுமா? நாலு வருசமா உங்ககிட்ட மறைச்சுட்டேன். திட்டுறதுன்னா நடக்கும்போது திட்டிக்கோங்க, ஏழு நாள் இருக்கு.”

அவர் திட்டவில்லை. முகம் மட்டும் சுண்ணாம்பு நிறத்துக்குப் போயிற்று. “அந்தத் தரைய ஒடைக்காத. சொன்னாக் கேளு. நான் பூசின தரை.”

“பிள்ளையை விட உங்களுக்குத் தரை பெருசாப் போச்சா?” என்று சொல்லிக்கொண்டே இடித்தேன். அவர் தடுக்கவுமில்லை, கிட்டே வரவுமில்லை.

அதற்குள் வாசலில் என் நாத்தனார் இஷ்பேன் வந்து நின்றாள். முதுகில் மூட்டை, கையில் காலைக் கட்டிய வான்கோழி. “ராஜாவே நடந்து போயிட்டாரு, எங்க அண்ணி இன்னும் வீடு மெழுகுறாங்களா?” என்று ஆரம்பித்தவள், உள்ளே குழியைப் பார்த்ததும் வாயை மூடினாள். அவள் வாயை மூடி நான் பார்த்தது அதுதான் முதல் தரம்.

முழங்கை ஆழத்தில் கிண்ணம் தட்டுப்பட்டது. மண்ணைக் கையால் ஒதுக்கினேன். நான் பிறந்த வீட்டிலிருந்து கொண்டுவந்த கிண்ணம், உள்ளே நீர்க்கொக்கு தீட்டியது. அவன் வேறெதிலும் சாப்பிட மாட்டான். அதன் அடியில், நட்ட நடுவில், ஒரு விரல் நுழையும் அளவுக்குத் துளை இருந்தது. ஓரத்தில் ஒரு பிசிறில்லை. உளி பிடித்துப் பழகிய கை போட்ட துளை.

நான் திரும்பிப் பார்த்தேன். அவர் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

“எப்பப் போட்டீங்க?”

“அன்னிக்கே. நீ உளியால அடிச்சது மண் ஓட்டுலயா சுண்ணாம்புத் தரையிலயான்னு எனக்குத் தெரியாதா? சின்ன வயசுலேருந்து கேக்குற சத்தம். நீ குளிக்கப் போனதும் எடுத்துப் பாத்தேன். முழுசா இருந்துச்சு. போட்டுட்டு மேல பூசிட்டேன்.”

“போன்னு சொன்னீங்களா?”

“சொன்னேன்.”

“என்னைக் கேக்காம?”

“உன்னைக் கேட்டா விட்டிருப்பியா?”

கையிலிருந்த கழியால் அவரை அடித்திருப்பேன். அடிக்கவில்லை, ஏனென்றால் அதற்குள் இன்னொன்று உறைத்துவிட்டது.

“அப்ப நாலு வருசமா என்கிட்டத் தட்டினது யாருங்க?”

அவர் சுவரில் பெயர்ந்த சுண்ணாம்பை நகத்தால் சுரண்டினார்.

“தரை காயுதுன்னு சொல்லுங்க பாப்போம்!”

“அது தரை காயுற சத்தம் இல்லன்னு முதல் நாளே எனக்குத் தெரியும்” என்றார் மெல்ல. “லாமாத்தும் இல்லன்னு தெரியும். ஆனா நீ அன்னிக்குச் சிரிச்சே. மூணு மாசம் கழிச்சுச் சிரிச்சே. நான் என்னன்னு சொல்லுவேன்? அதுக்கப்புறம் நான் அந்த மேடையில படுக்கல.”

அவர் வாசலில் படுத்தது வெக்கைக்காக என்றுதான் நான்கு வருஷமும் நினைத்திருந்தேன்.

அப்போது தட்டியது. தட், தட், தட். என் மகனின் எலும்புகளுக்கும் கீழேயிருந்து. இஷ்பேன் கையிலிருந்த வான்கோழி விழுந்து சிறகடித்தது. “அண்ணே, வந்துருங்க. அண்ணி, ஒங்க காலப் புடிக்கிறேன், அப்படியே விட்டுட்டு வந்துருங்க” என்று அழத் தொடங்கினாள்.

பயம் எனக்கும் இருந்தது. இல்லையென்று சொன்னால் பொய். ஆனால் நான்கு வருஷம் சோறு ஊட்டியது எதற்கு என்று தெரியாமல் அந்த இடத்தை விட்டு நகர என்னால் முடியாது. பிள்ளையின் எலும்புகளைத் துணியில் எடுத்து ஒதுக்கி வைத்தேன். அவர் குழிக்குள் இறங்கினார். அடியில் இன்னொரு தரை இருந்தது. அதைத் தடவிப் பார்த்தார்.

“இது எங்க அப்பா பூசினது இல்ல. அவரோட அப்பா பூசினதும் இல்ல. இந்தக் கலவை எனக்குத் தெரியாது” என்றார். வீடு கட்டும்போது பழைய வீட்டை இடித்து அதன் மேலேயேதான் கட்டுவோம். கீழே எத்தனை வீடு, யார் வீடு என்று யாருக்குத் தெரியும்?

உளியால் நான்கு போடு போட்டார். தரை உள்ளே விழுந்தது. சிறிய எலும்புகள், என் மகனுடையதை விடவும் சிறியவை. முகத்தின் மேல் ஒரு கறுப்புக் கிண்ணம். இந்தக் காலத்தில் யாரும் தீட்டாத கோலம். நான் அதன் அடியைத் தடவினேன். வழவழவென்று முழுசாக இருந்தது. அதற்குப் பக்கத்தில், விழாமல் நின்ற பழைய தரையில், உளி பட்ட குழி ஒன்று இருந்தது. யாரோ ஓங்கி ஒரே போடு போட்ட குழி.

அதைப் பெற்றவள் யாரென்று எனக்குத் தெரியாது. எந்த அரசன் காலத்தவளோ. எல்லாருக்கும் முதுகைக் காட்டி உட்கார்ந்திருப்பாள், அது மட்டும் தெரியும். எனக்கு அவள் மேல் அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தது. ‘அடிப்பாவி, நீ செத்த பிறகு இது யாரிடம் போய்ச் சோறு கேட்கும் என்று ஒரு நிமிஷம் யோசித்தாயா?’ என்று கேட்கத் தோன்றியது. கேட்க எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது?

குளக்கரையில் சங்கு ஊதினார்கள். கூட்டம் கிளம்புகிறது. அந்தக் கறுப்புக் கிண்ணம் என் மடியில் இருந்தது. உளியும் இருந்தது. கை எழவில்லை. உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: உடைக்க எனக்கு மனசில்லை. எலும்பையும் கிண்ணத்தையும் துணியில் சுற்றி எடுத்துப் போய்விடலாம். ஆற்றங்கரையிலும் நான் அரைப்பேன், நிறுத்துவேன். அங்கேயும் கீழேயிருந்து தட்டும். யார் பெற்றதாக இருந்தால் என்ன? என் குரலுக்குப் பதில் சொன்னது இதுதானே.

அவர் என் முகத்தைப் பார்த்தார். என்னோடு இத்தனை வருஷம் குடித்தனம் நடத்தியவர், நான் நினைப்பது தெரியாமலா இருக்கும்?

“எடுத்துட்டு வரணும்னா கட்டு. நான் சுமக்குறேன்” என்றார்.

நான்கு வருஷமாக அதற்குப் பயந்து வாசலில் படுத்த மனுஷன். ஏழு நாள் அதை முதுகில் சுமக்கிறேன் என்கிறார். குரல்கூடச் சாதாரணமாகத்தான் வருகிறது. இவரும் ஒரு பிள்ளையை இழந்தவர் என்பது அந்த நான்கு வருஷத்தில் ஒரு நாளாவது எனக்கு நினைவு வந்ததா? இல்லை. இவரைப் போய் இதையும் சுமக்கச் சொல்ல என்னால் முடியவில்லை.

கிண்ணத்தை அந்தச் சின்ன முகத்தின் மேல் திரும்ப வைத்தேன். உளியை நடுவில் ஊன்றினேன். பேரைச் சொல்ல வேண்டும். அதன் பேர் எனக்கு எங்கே தெரியும்? பெற்றவள் வைத்த பேர் அவளோடு போய்விட்டது. நான்கு வருஷம் அது பதில் கொடுத்தது ஒரே ஒரு பேருக்குத்தான்.

“லாமாத்” என்றேன். “அம்மா சொல்றேன். போ.”

அடித்தேன். ஓடு விட்டது. என் மணிக்கட்டில் சில்லென்று காற்றுப் பட்டது, ஒரு மூச்சு அளவுக்கு. பிறகு அந்தக் குழியில் எலும்பும் மண்ணும்தான். காது வைத்துக் கேட்டேன். இஷ்பேன் அழுகையை அடக்கிக்கொண்டு அவளும் கேட்டாள். ஒன்றுமில்லை. அவர் லாமாத்தின் எலும்புகளையும் கிண்ணத்தையும் பழைய இடத்திலேயே வைத்து மண்ணைத் தள்ளினார்.

என் பிள்ளை நான்கு வருஷம் முன்பே போயிருந்தான். எனக்கு அவன் செத்தது அந்த உச்சிப்பொழுதில்தான். அவர் என்னைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனார். குளக்கரை வரைக்கும் நான் போட்ட கூச்சலில், முன்னால் போன கூட்டம் நின்று திரும்பிப் பார்த்தது.