ஜியார்டியாவுக்கு ஒரு வாக்கியம்

அந்த அகராதி அலுவலகத்தில் ஒரு சொல் அச்சுக்குப் போவதற்கு முன்னால் இரண்டு கைகளைக் கடக்க வேண்டும். சொல்லுக்குப் பொருள் எழுதுகிறவர் ஒருவர். அதை வைத்து ஒரு வாக்கியம் எழுதுகிறவர் இன்னொருவர். பொருள் எழுதுகிறவர் உயிரியலில் ஆராய்ச்சிப் பட்டம் வாங்கியவர் என்பதால் எல்லாரும் அவரை 'டாக்டர்' என்றார்கள். வாக்கியம் எழுதுகிறவரிடம் பட்டம் எதுவும் இல்லை. அதனால் அவருக்கு 'வாக்கியம்' என்றே பேர் விழுந்துவிட்டது. அவருடைய மனைவியே அலுவலகத்துக்குப் போன் போட்டு, "வாக்கியம் சார் இருக்காரா?" என்று கேட்கிற அளவுக்கு அந்தப் பேர் ஊறிப்போயிருந்தது.

வாக்கியம் பயபக்தி உள்ள மனிதர். காலையில் நாற்காலியில் உட்கார்ந்ததும் கண்ணை மூடி, 'இன்று என் கையால் யாருக்கும் கெடுதல் வரக் கூடாது' என்று ஒரு நிமிடம் வேண்டிக்கொண்டுதான் பேனாவைத் திறப்பார். பதினொரு வருடமாகக் கடவுள் அந்த வேண்டுதலைத் தட்டாமல் நிறைவேற்றி வந்தார். பிறகு 'ஜ' எழுத்து வந்தது.

பள்ளிப் பிள்ளைகளுக்கான அறிவியல் அகராதி அது. டாக்டரின் அட்டை வாக்கியத்தின் மேசைக்கு வந்தது: 'ஜியார்டியா: சிறுகுடலில் ஒட்டி வாழ்ந்து வயிற்றுப்போக்கை உண்டாக்கும், கண்ணுக்குத் தெரியாத ஒருசெல் ஒட்டுண்ணி. அசுத்தமான நீராலும் கழுவாத கைகளாலும் பரவும்.'

வாக்கியம் ஒரு வரி எழுதித் தலைமைப் பதிப்பாசிரியரிடம் எடுத்துப் போனார். 'விஞ்ஞானிகள் ஜியார்டியாவை நுண்ணோக்கியில் கண்டனர்.'

"எந்த விஞ்ஞானி?" என்றார் தலைமை. "நான் தினமும் ரெண்டு தெரு நடந்து வர்றேன். ஒரு விஞ்ஞானியையும் காணோமே. வாக்கியம் வாழ்க்கையிலேருந்து வரணும். தூக்கிப் போடுங்க."

'ஜியார்டியா ஆபத்தானது' என்று எழுதிப் போனார்.

"பாம்பும்தான் ஆபத்து. நம்ம மாடிப்படியும்தான் ஆபத்து. ஜியார்டியாவை எடுத்துட்டு மாடிப்படியைப் போட்டாலும் இந்த வாக்கியம் நிக்குதே! அப்ப இது யாரோட வாக்கியம்?"

மூன்றாவது தடவை வாக்கியம் மண்டையைச் சொறிந்துகொண்டு நடைக்கூடத்தின் கோடியில் இருந்த டீ ரூமுக்குப் போனார். அந்த டீ ரூமை நடத்துகிறவர் ஒரு பெண். இரண்டு மகள்களைத் தனியாக வளர்க்கிறவர். கட்டிடம் முழுக்க அவரை 'அக்கா' என்றுதான் கூப்பிடும். அக்கா கண்ணாடித் தம்ளர்களை வெந்நீரில் அலசிக் கவிழ்த்துக்கொண்டிருந்தார். அந்தக் கைகளைப் பார்த்துக்கொண்டே வாக்கியம் அட்டையின் பின்பக்கம் எழுதினார்: 'தேநீர் போடும் பெண்ணின் கைகளிலிருந்து ஜியார்டியா மூவருக்குப் பரவியது.'

அவர் மனசில் இருந்தது எங்கோ இருக்கிற ஒரு டீக்கடை, யாரோ ஒரு பெண். பாவம், கண்ணுக்கு எதிரே இருப்பவரைப் பார்த்துக்கொண்டே எங்கோ இருப்பவரைப் பற்றி எழுத முடியும் என்று நம்பிவிட்டார்.

தலைமை வாசித்துவிட்டு மேசையைத் தட்டினார். "இது வாக்கியம்! கண்ணு முன்னாடி நிக்குது பாருங்க."

நின்றது. அதுதான் தொல்லையாகப் போயிற்று.

அந்த அலுவலகத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஒப்புதலான அட்டைகளை ஏழு நாளைக்குப் பலகையில் குத்தி வைப்பார்கள். பக்கத்தில் ஒரு சிவப்புப் பென்சில் நூலில் தொங்கும். பிழை கண்டவர்கள் அட்டையிலேயே எழுதலாம். டீ குடிக்கிறவன் கண்ணுக்குப் பிழை தப்பாது என்பது தலைமையின் சித்தாந்தம். ஆகவே பலகை டீ ரூம் வாசலில்தான் மாட்டியிருந்தது.

மறுநாளே மெய்ப்புப் பார்க்கும் அம்மாள் வாக்கியத்தின் காதருகே வந்து நின்றார்.

"யாரு சார் அந்த மூணு பேரு?"

"எந்த மூணு பேரும்மா?"

"அதான், அக்கா கையால வாங்கிக் குடிச்சு வயித்தைக் கெடுத்துக்கிட்டவங்க."

"ஐயோ, அது சும்மா உதாரணம்!"

"உதாரணமா? போன மாசம் 'தசைப்பிடிப்பு'க்கு என் கெண்டைக்காலைத்தானே எழுதினீங்க? 'ஒவ்வாமை'க்கு மேனேஜர் தும்மினதை எழுதினீங்க. எல்லாம் நடந்ததுதானே? இது மட்டும் உதாரணமாக்கும்! சரி சரி, பேரைச் சொல்ல வேணாம். நானும் கேக்கல."

பதினொரு வருடமாக உண்மையை மட்டுமே எழுதிவந்த குற்றத்துக்கு இப்படி ஒரு தண்டனை கிடைக்கும் என்று வாக்கியம் நினைத்ததே இல்லை.

நாலு நாளில் டீ ரூமில் ஈ காக்கை இல்லை. மேல்மாடிக்காரர்கள் வீட்டிலிருந்து ஃபிளாஸ்க் கொண்டுவந்தார்கள். கீழ்மாடிக்காரர்கள் தெருமுனைக் கடைக்குப் போனார்கள். அங்கே தம்ளர் கழுவும் வாளியை யாரும் எட்டிப் பார்க்கவில்லை. அதைப் பற்றி அட்டையில் எதுவும் எழுதியிருக்கவில்லையே. சொல் மட்டும் நன்றாகப் பரவியது. "என்ன, ஒரு ஜியார்டியா போடலாமா?" என்றால் 'டீ குடிக்கலாமா' என்று அர்த்தம் ஆயிற்று. அக்காவுக்கு 'ஜியார்டியாக்கா' என்று பேர் வைத்தார்கள். டாக்டர் கடமை தவறாதவர். புதுப் பயன்பாடு என்று அதையும் தன் குறிப்பேட்டில் ஏற்றிக்கொண்டார்.

பலகை அட்டையில் சிவப்பு எழுத்துகள் பெருகின. 'போடும்' என்பதைவிடத் 'தயாரிக்கும்' மேல் என்று ஒருவர். 'மூவருக்கு' என்பதா, 'மூன்று பேருக்கு' என்பதா என்று ஒருவர். அந்தப் பெண்ணைப் பற்றி யாருக்கும் எந்த ஆட்சேபமும் இல்லை. கடைசியில் வாக்கியமே சிவப்புப் பென்சிலை எடுத்து, 'இது நடக்கவில்லை. வாக்கியத்தை நீக்கவும்' என்று எழுதினார். மாலையில் அதன் கீழே தலைமையின் கையெழுத்து இருந்தது: 'நடக்கக்கூடியதே. ஆட்சேபம் தள்ளப்படுகிறது.'

அன்று அக்கா அவரைக் கூப்பிட்டார்.

"அண்ணே, அது என்ன சாமான்? ஜியார்டியா? புழுவா, பூச்சியா?"

வாக்கியம் சொன்னார். புழுவும் இல்லை, பூச்சியும் இல்லை. கண்ணுக்கே தெரியாது. வயிற்றுக்குள் போய் ஒட்டிக்கொள்ளும். மாத்திரையில் சரியாகிவிடும். தண்ணீரைக் கொதிக்க வைத்தால் செத்துப்போகும்.

"கொதிச்சா செத்துருமா?" அக்கா கொதித்துக்கொண்டிருந்த பாத்திரத்தைப் பார்த்தார். காலையிலிருந்து தொடாமல் கொதிக்கிறது. "அப்ப இந்தக் கட்டிடத்துலேயே அது இல்லாத இடம் இந்த அடுப்புதானே அண்ணே?"

"ஆமாம்மா."

"அதையும் ஒரு அட்டையில எழுதி ஒட்டிருங்களேன்."

வாக்கியம் தலையைக் குனிந்துகொண்டார். "அந்த வாக்கியத்தை எழுதினது நான்தான். என்னை மன்னிச்சிருங்க."

"தெரியும். அன்னிக்கு என் கையையே பாத்துக்கிட்டு நின்னீங்க. மோதிரம் காணோம்னு பாக்குறீங்களோன்னு நெனச்சேன்," என்று சிரித்தார் அக்கா. சிரித்துவிட்டு அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

தலைமையும் நல்லவர்தான். டீ இல்லாமல் தொண்டை காய்ந்த ஊழியர்களைப் பார்க்கப் பொறுக்கவில்லை. அவர் ஞாயிறுதோறும் மலையடிவாரத்துக்கு நடக்கப் போய், ஊற்றுத் தண்ணீர் பிடித்து வருவார். "பாறையிலேருந்து நேரா வருது. மனுஷன் கை படாத தண்ணி," என்று டாக்டருக்கும் தட்டச்சருக்கும் தாராளமாக ஊற்றிக் கொடுத்தார். பொருள் எழுதிய டாக்டர், தான் எழுதிய பொருளை ஒரு கணமும் நினைக்காமல், "ஆஹா, என்ன குளிர்ச்சி!" என்று குடித்தார்.

ஏழாம் நாள் அட்டை பலகையிலிருந்து இறங்கிற்று. பேச்சு இறங்கவில்லை. மூன்றாவது வாரத்தில் தலைமை, டாக்டர், தட்டச்சர் மூவரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு விடுப்பில் போனார்கள்.

"மூணு பேரு!" என்றார் மெய்ப்பு அம்மாள், கண்கள் விரிய. "எழுதினபடியே!"

மூன்று வாரமாக அந்த மூவரும் அக்காவின் டீயை வாயில் வைக்கவில்லை என்று வாக்கியம் மேசை மேசையாகப் போய்ச் சொன்னார். "அதுக்கு முன்னாடி குடிச்சது உள்ளேயே இருந்திருக்கும்," என்றார்கள். கட்டிட மேலாளர் மூக்கைத் துடைத்துக்கொண்டே டீ ரூமுக்கு வந்து, சனிக்கிழமைக்குள் பாத்திரங்களை எடுத்துக்கொண்டு காலி செய்ய வேண்டும் என்று சொல்லிவிட்டார்.

அக்காவுக்கு வேறு பிழைப்பு இல்லை. வாக்கியத்துக்கு அன்று இரவு சோறு இறங்கவில்லை. மனைவி காரணம் கேட்டு, எல்லாம் கேட்டு முடித்து, "இத்தனை வருஷம் கடவுள்கிட்ட வேண்டிக்கிட்டீங்களே, அந்தப் பொம்பளை முகத்தை ஒரு தடவை பாத்துட்டு எழுதியிருக்கலாம்ல?" என்றார்.

வியாழக்கிழமை மாலை, அவசரமான தாள்களில் கையெழுத்து வாங்க அவர் தலைமையின் வீட்டுக்குப் போனார். கதவைத் திறந்த தலைமையின் மனைவி படபடவென்று கொட்டினார்.

"ஜியார்டியாதானாம் தம்பி! டெஸ்ட்ல வந்துருச்சு. ஆஸ்பத்திரி டாக்டர் கேட்ட மொத கேள்வியே, 'ஊத்துத் தண்ணி எதாவது குடிச்சீங்களா'ன்னுதான். மேல ஆடு மாடு மேயுதாம்ல. நான் படிச்சுப் படிச்சுச் சொன்னேன், காய்ச்சிக் குடிங்கன்னு. மலையோட ருசி போயிரும்னுட்டாரு!"

கட்டிலில் தலைமை சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். வாக்கியத்தைப் பார்த்ததும் எழுந்து உட்கார முயன்றார்.

"வெளியில சொல்லிடாதீங்க," என்றார் மெல்ல. "முப்பது வருஷம் ஊரார் பிழையைத் திருத்தினவன் நான்."

"அந்தம்மாவுக்கு நாளன்னிக்கோட முடியுது சார்," என்றார் வாக்கியம். தலைமை மறுபடி சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

வெள்ளி காலை வாக்கியம் நேராக டீ ரூமுக்குப் போனார். அவர் கையில் ஒரு புது அட்டை இருந்தது. மூவர் பேரும் தண்ணீரின் கதையும் அதில் ஒழுங்காக எழுதியிருந்தது. தன் வாழ்நாளிலேயே மிகத் துல்லியமான வாக்கியம் அது என்று அவருக்குத் தோன்றியது. அக்காவிடம் வாசித்துக் காட்டினார்.

அக்கா ஈரக்கையைப் புடவையில் துடைத்துவிட்டு அட்டையை வாங்கி, இரண்டாக மடித்தார்.

"வேணாம்ணே."

"இது உண்மைம்மா!"

"உண்மைதான். அந்தாளு படுத்துக் கெடக்குறாரு. எழுந்து வரும்போது வாசல்லயே இது தொங்கணுமா? ஏழு நாள் அந்த அட்டைக்குப் பக்கத்துல நின்னது நான். அது எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும்."

"அப்ப உங்க கதி?"

"பாக்கலாம். ஆண்டவன் என் அடுப்பை மட்டுமா பாத்துக்கிட்டிருக்காரு?" என்றவர், ஃபிளாஸ்க் ஒன்றை நிரப்பி நீட்டினார். "நல்லா கொதிச்சு ஆறின தண்ணி. வயிறு சரியாகிற வரைக்கும் இதையே குடிக்கச் சொல்லுங்க. என் கையால குடுத்ததுன்னு சொல்லிடாதீங்க, குடிக்க மாட்டாரு."

வாக்கியத்துக்குப் பொய் வராது. மதியம் வீட்டில் தலைமை ஃபிளாஸ்க்கைத் திறந்துகொண்டே, "எங்க வாங்கினீங்க?" என்று கேட்டதும் உள்ளதை அப்படியே சொல்லிவிட்டார். மடித்த அட்டையைப் பற்றியும் சொன்னார். சொல்ல வேண்டாம் என்று அக்கா சொன்னதையும் சேர்த்தே சொன்னார்.

தலைமை தம்ளரின் விளிம்புவரை ஊற்றினார். பிறகு குடித்தார்.

"அகராதியில ஜியார்டியாவுக்குப் பழையபடி விஞ்ஞானிகள்னே எழுதிக்குங்க," என்றார். "நுண்ணோக்கியில பாத்துட்டுப் போகட்டும்."

சனிக்கிழமை பதினொரு மணிக்கு நடைக்கூடத்தில் பேச்சு நின்றது. மூன்று கிலோ இளைத்த தலைமை, சுவரைப் பிடித்துப் பிடித்து நடந்து, டீ ரூம் மேடைக்கு முன்னால் போய் நின்றார். அக்கா பாத்திரங்களைச் சாக்கில் கட்டிக்கொண்டிருந்தார்.

"ஒரு டீ போடும்மா. ஸ்ட்ராங்கா வேணாம்."

அக்கா சாக்கைப் பிரித்தார். தலைமை எல்லாரும் பார்க்கக் குடித்தார். "இன்னொண்ணு," என்றார். அதற்குள் அவருக்குப் பின்னால் நாலு பேர் வந்து நின்றுவிட்டார்கள். தலைமை எதைச் செய்தாலும் அது சரி என்பது அந்த அலுவலகத்தில் எழுதாத விதி. இரண்டாவது தம்ளரை வைத்துவிட்டு அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு திரும்பினார். இரவு முழுக்க மனப்பாடம் செய்தது முகத்தில் தெரிந்தது.

"எல்லாரும் கேளுங்க. எங்க மூணு பேருக்கும் வந்தது நான் கொண்டுவந்த தண்ணியால. இந்தம்மாவால இல்ல. தப்பு என்..."

"சார், கொஞ்சம் தள்ளிக்குங்க. பின்னாடி வரிசை நிக்குது," என்றார் மெய்ப்பு அம்மாள். "அக்கா, எனக்குச் சர்க்கரை தூக்கலா."

எந்தக் காரணமும் இல்லாமல் போனவர்கள் எந்தக் காரணமும் கேட்காமல் திரும்பி வந்தார்கள். தலைமை பாதி வாக்கியத்தோடு நின்றார். அவர் வாழ்க்கையில் முற்றுப்புள்ளி வைக்காமல் விட்ட வாக்கியம் அது ஒன்றுதான் இருக்கும். அக்கா மட்டும் அதைக் கேட்டார். கேட்டதற்கு அடையாளமாகத் தலையை லேசாக அசைத்தார்.

மேலாளர் தும்மிக்கொண்டே வந்து வரிசைக்கு நடுவில் நுழையப் பார்த்தார்.

"இன்னிக்குக் காலி பண்ணணும்னு சொன்னீங்களே?" என்றார் அக்கா.

"யாரு சொன்னது?" என்றார் மேலாளர். "இஞ்சி தட்டிப் போடுங்க, ஜலதோஷம்."

"அப்ப வரிசையில வாங்க சார்."

மேலாளர் பின்னால் போனார். அங்கே கடைசி ஆளாக வாக்கியம் நின்றிருந்தார். பேனாவும் இல்லை, அட்டையும் இல்லை. நகர நகர, தனக்கு முன்னால் நின்ற ஒவ்வொரு முதுகையும் நன்றாகப் பார்த்துக்கொண்டே வந்தார். மேலாளர் மறுபடி தும்மினார். வாக்கியம் தன் கைக்குட்டையை எடுத்து அவரிடம் நீட்டி, "நீங்க எனக்கு முன்னாடி நில்லுங்க சார், உங்களுக்குச் சூடா வேணும்," என்று ஒதுங்கி வழிவிட்டார்.