செலவில்லாத யானைகள்

இந்தக் காலத்தில் எவனும் ஒரு வேலையில் உருப்படியாக நிற்பதில்லை என்பது பெரியவரின் கட்சி. வேறு யாரையும் தேட வேண்டாம், அவருடைய மாப்பிள்ளையே போதும். டிவிக்கு வருஷக்கணக்கில் சீரியல் தயாரித்தவர், திடீரென்று சரித்திர நாவல் எழுதக் கிளம்பிவிட்டார். முதல் நாவல். கடைசி அத்தியாயத்தில் நல்ல போர் இல்லாவிட்டால் அச்சடிக்க மாட்டேன் என்று பதிப்பாளர் கறாராகச் சொல்லிவிட்டதால், எழுதியதை மாமனாரிடம் படித்துக் காட்டினார்.

“போர் எங்க மாப்ளே?”

“அதான் தூதுவன் ஓடி வந்து, ஜெயிச்சுட்டோம்னு சொல்றானே மாமா.”

“ராஜா அந்த ஒரே ரூமை விட்டு வெளிய வரலையே?”

“வெளிய போனா குதிரை, யானை, ஐநூறு பேருக்குச் சாப்பாடு. பட்ஜெட் தாங்காது மாமா.”

“காகிதத்துல வர்ற யானைக்கு யாரு தீனி போடப்போறா?”

மாப்பிள்ளை நெற்றியில் அடித்துக்கொண்டார். இத்தனை நாளும் இது தன் மண்டையில் உறைக்கவே இல்லையே! அங்கேயே உட்கார்ந்து மளமளவென்று எழுதி, உரக்கப் படித்தார்.

“ஆயிரம் யானைகள் போர்க்களம் புகுந்தன. அந்நேரம் பார்த்து அடர்ந்த பனி இறங்கியது. பிளிறல் மட்டும் கேட்டது... எப்படி மாமா?”

பெரியவர் எழுந்து செருப்பை மாட்டினார்.

“எனக்கென்னவோ அந்தப் பனிக்குள்ள ஒரு யானைகூட இருந்த மாதிரி தெரியலை மாப்ளே,” என்று சொல்லிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் நடையைக் கட்டினார்.