மாடு எழுந்த விதம்

சோலின் மெர்சியே ஓசூரில் வந்து இறங்கியபோது, வினோதாவின் வேலை போனதென்றே ஸ்டுடியோவில் எல்லோரும் முடிவுகட்டியிருந்தார்கள்.

பாகலூர் சாலையில் ஒரு டயர் கடைக்கு மேல்மாடியில் இருந்தது அந்த அனிமேஷன் ஸ்டுடியோ. சோலின் பிரெஞ்சுப் பெண் இயக்குநர். வயது அறுபத்திரண்டு. முப்பது ஆண்டுகளில் மூன்றே அனிமேஷன் படங்கள் எடுத்தவர். நான்காவது, ஒரு பசுவின் கதை. முக்கியமான நிலைகளை அவர் வரைந்து அனுப்புவார். நடுவில் வரும் அசைவுகளை ஓசூரில் நிரப்புவார்கள்.

படுத்திருந்த பசு எழும் காட்சி வினோதாவிடம் வந்தது. சோலின் வரைந்த பசு, குதிரை மாதிரி முன்னங்கால்களை முதலில் ஊன்றி எழுந்தது. வினோதாவுக்கு மனம் ஒப்பவில்லை. அவள் அம்மா மாரம்மாவுக்கு மத்திகிரி கால்நடைப் பண்ணையில் வேலை. மாடு எழுவதைப் பார்த்தே வளர்ந்தவள் அவள். முன்னங்கால் முட்டிபோட்டு, பின்புறத்தை முதலில் தூக்கி எழுவதாக மாற்றி வரைந்து அனுப்பிவிட்டாள்.

"உன்ன யாரு திருத்தச் சொன்னது? அவங்க வரஞ்சபடி குடுக்கறதுதான் நம்ம வேல" என்று குழுத் தலைவர் ஹரீஷ்குமார் கத்தித் தீர்த்தார்.

அந்தத் திருத்தத்தைப் பார்த்துவிட்டுக் கிளம்பி வந்த சோலினோ நாற்காலியில்கூட உட்காரவில்லை. "மாடு எழுவதை நான் பார்க்க வேண்டும்" என்றார் ஆங்கிலத்தில்.

வினோதா ஆட்டோவில் அவரைப் பண்ணைக்கு அழைத்துப் போனாள். அவள் போனில் சொன்னதும் மாரம்மா அனுமதி வாங்கி வைத்திருந்தாள். கொட்டகையோரம் சோலின் நோட்டை விரித்துக்கொண்டு தரையிலேயே அமர்ந்தார். அரைமணி போயிற்று. மாடு அசைபோட்டதே தவிர அசையவில்லை.

"நாம பாத்துக்கினே இருந்தா எந்திரிக்குமா?" என்ற மாரம்மா, தீவன வாளியைத் தட்டினாள். பசு முட்டிபோட்டுப் பின்புறத்தைத் தூக்கி எழுந்து நின்றது.

சோலின் வாய்விட்டுச் சிரித்தார். வரைந்து முடித்தபின் வினோதாவிடம் சொன்னார்:

"இருபத்துமூன்று வயதில் லியோன் நகரில் ஒரு ஸ்டுடியோவில் இருந்தேன். இயக்குநர் வரைந்த ஆந்தையின் சிறகைத் திருத்தினேன். தாளைக் கிழித்துப் போட்டு என்னை வெளியே அனுப்பினார். பிறகு ஒன்பது வருடம் பிஸ்கட் விளம்பரம்தான் வரைந்தேன். உன் பசுவைப் பார்த்ததும் எனக்கும் கோபம் வந்தது. உன்னை நீக்கச் சொல்லிக் கடிதம்கூட எழுதிவிட்டேன். அனுப்பும் முன் அந்த இயக்குநரின் முகம் நினைவுக்கு வந்தது. அழித்துவிட்டு விமானம் ஏறினேன்."

"டீ குடிக்கிறீங்களா மேடம்?" என்றாள் வினோதா.

மறுநாள் சோலின் எல்லோர் முன்னாலும் சொன்னார்: பசு வரும் காட்சிகள் அத்தனையும் மாறும், அவற்றின் நிலைகளையும் இனி வினோதாவே வரைவாள். ஹரீஷ்குமார்தான் முதலில் கை தட்டினார்.

அன்று மாலை டவுன் பஸ்ஸில் ஜன்னலோர இடம் கிடைத்தது. வினோதா அடுத்த காட்சியை யோசித்தபடியே வீட்டுக்கு வந்தாள்.

"ஏம்மா, ஆத்துல எறங்கறப்ப மாடு எந்தக் கால மொதல்ல வெக்கும்?"

மாரம்மா அரிசி களைவதை நிறுத்தி யோசித்தாள். "பண்ண மாடு ஆத்த எங்கடி பாத்துது? ஞாயித்துக்கெழம கோவிந்தப்பன் மாமா ஊருக்குப் போலாம். அவரு மாட்ட ஆத்துக்கு ஓட்டச் சொல்லிப் பாத்துக்கோ."