குடை மாட்டும் ஆணி

மூன்றாம் மாடியில் இடது பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டக் கையைத் தூக்கிய மனிதர், இருபத்தைந்து வருடமாகியும் தட்டவில்லை. ஆலையில் சங்கு ஊதுவது அவர் வேலை என்பதால் எல்லோரும் அவரைச் சங்கு என்றே கூப்பிட்டார்கள். தலை நரைத்தது, பல் இரண்டு விழுந்தது, முதுகு கூனியது. தூக்கிய கைக்கு மட்டும் வயதாகவில்லை. அதில் நகம்கூட வளரவில்லை.

அந்த வீட்டுக்காரி நேரம் கட்டுகிறவள். வேண்டிய இடத்தைச் சுற்றி ஆணி அடித்து, மெழுகேற்றிய நூலை ஆணிக்கு ஆணி இழுத்து வந்து முடிச்சுப் போட்டால், நூலுக்குள் இருக்கும் நொடி அப்படியே நின்றுவிடும். ஊரில் பாதி வீடுகளில் அவள் கட்டிய மூலை ஒன்றாவது உண்டு. ஒரு வீட்டில், நடக்கப் பழகிய குழந்தையின் ஈரக் காலடி பல வருடமாகக் காயாமல் கிடந்தது. முடிதிருத்துகிறவர் கடையில் நாற்காலிக்கு அடியில் ஒரு பழைய சிரிப்பு இருந்தது, குனிந்தால் கேட்கும். ஆளை உள்ளே வைத்துக் கட்டக் கூடாது, ஆணி எல்லாம் உள்பக்கம் இருக்க வேண்டும், நூலை அறுக்கிறவர் எவரோ அவரேதான் நின்றுபோனதை நடத்தி முடிக்க வேண்டும். இவ்வளவுதான் அந்தத் தொழிலின் சட்டம்.

அவர் கை தூக்கிய அன்று மூன்றரை மணிக்கு ஆலைச் சங்கு நேரம் தப்பி ஊதியது. நான்கு பத்துக்கு, ஊதியவரே படியேறி வரும் செருப்புச் சத்தம் கேட்டது. சங்கு யார் வீட்டுக்கும் சும்மா வருகிறவரல்ல. அவள் கணவனுக்குக் கொதிகலனில் வேலை. சேதி வாசலுக்கு வருமுன் அவளுக்குப் புரிந்துவிட்டது, புரிந்ததைக் கேட்க அவளுக்குத் தைரியம் இல்லை. தொழில்காரி வீட்டில் ஆணிக்குப் பஞ்சமா? நூல்கண்டை எடுத்துக்கொண்டு அறையைச் சுற்றி ஓடினாள். கதவருகே இருந்த ஆணி மட்டும் காலையில் கழன்று விழுந்திருந்தது. கதவை இம்மி திறந்து, வெளியே குடை மாட்டும் ஆணியில் நூலைச் சுற்றி இழுத்து, கதவைச் சாத்தி, உள்ளே நின்றபடியே முடிச்சுப் போட்டாள். குடை ஆணிக்கு இந்தப் பக்கம் வந்துவிட்ட சங்குவின் கையும் அவளோடு சேர்ந்து கட்டுப்பட்டது. ஏழு வயது மகள் அப்போது பள்ளிக்கூடத்தில் இருந்தாள்.

சேதி சேராததால் அவள் கணவனால் முழுசாகச் சாக முடியவில்லை. ஆலை மருத்துவ அறையில் மூச்சில்லாமல், ஆனால் உடம்பு சூடு ஆறாமல் கிடந்தான். டாக்டர் எழுதிய இறப்புச் சான்றிதழில் மை காயவில்லை. அவருக்குப் பின் வந்த டாக்டரும் வருடா வருடம் விரலால் தொட்டுப் பார்த்தார், விரல் நீலமானது. சங்குவின் மனைவி வேளாவேளைக்கு மாடியேறி வந்து, வாசலில் நின்ற கணவருக்குச் சோறு ஊட்டினாள், முகம் மழித்தாள். "நம்ம வீட்டுக்கும் ஒரு கதவு இருக்கு, ஞாபகம் இருக்கா?" என்று கேட்பாள். முதல் மாதமே கத்தரிக்கோல் கொண்டுவந்து இடது கையில் கொடுத்தாள். அவர் வாங்கவில்லை.

"நான் வாயைத் திறந்தா அவன் போயிடுவான். என் வாயால ஒருத்தன் சாக வேண்டாம்" என்றார்.

மகள் எதிர் வீட்டு அத்தையிடம் வளர்ந்தாள். பள்ளிக்கூடம் விட்டதும் நடைபாதை ஜன்னல் வழியாக அம்மாவைப் பார்ப்பாள். அம்மா கதவைப் பார்த்துத் திரும்பி, பாதி வாய் திறந்து நிற்பாள். ஜன்னல் பக்கம் ஒரு தடவைகூடத் திரும்பியதில்லை. அது குழந்தைக்கு வலித்தது. நூல் நாளாக நாளாக மெழுகு உதிர்ந்து தளர்ந்தது. நான்கு விரற்கடையாக இருந்த கைக்கும் கதவுக்குமான இடைவெளி மூன்றானது, இரண்டானது. பிறகு ஒரு தீக்குச்சிதான் நுழைந்தது. மாடியில் குடியிருந்தவர்கள் ஒவ்வொருவராகக் காலி செய்தார்கள். நாய்கள் அந்தப் படியில் ஏறுவதை விட்டுவிட்டன.

மகளுக்கு முப்பத்திரண்டு வயது நிறைந்தது. உள்ளே நிற்கும் அம்மாவுக்கும் அதே வயது. அன்று மாலை மகள் கத்தரிக்கோலோடு மாடியேறினாள்.

"இது உன் தலையெழுத்து இல்லம்மா" என்றார் சங்கு.

"அன்னிக்குச் சொல்லியிருந்தா அம்மா தனியா அழுதிருப்பா. இப்போ நாங்க ரெண்டு பேரு. நீங்க வீட்டுக்குப் போங்க, மாமா."

அவள் குடை ஆணியில் நூலை அறுத்தாள். சங்கு விழுந்த கையை மற்றக் கையால் தாங்கிக்கொண்டு படியிறங்கினார். அவள் தட்டினாள். பாதியில் நின்ற "யாரு" முழுசாக வெளியே வந்தது. கதவு திறந்தது. மகள் சொல்ல வேண்டியதை ஒரு சொல் குறைக்காமல் சொன்னாள். ஆலையில் மை காய்ந்தது. அம்மா அழவில்லை. எதிரே நிற்கும் தன் வயதுக்காரியின் தோளுக்கு மேலாகப் படிக்கட்டை எட்டிப் பார்த்தாள்.

"பள்ளிக்கூடம் விட்டிருக்குமே. என் பொண்ணு எங்கே?"

எவ்வளவு சொல்லியும் பயனில்லை. கணவன் போனதை அவள் நம்பினாள், மகள் வளர்ந்ததை நம்பவில்லை. தினமும் பள்ளிக்கூட வாசலில் போய் நின்று, வெளியே வரும் ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். பத்து நாள் பார்த்துப் பொறுக்காமல், மகள் ரெட்டைச் சடை பின்னி, தோளில் பை மாட்டிக்கொண்டு, பின்வாசல் வழியாகப் பள்ளிக்குள் நுழைந்து, எல்லாப் பிள்ளைகளும் போன பிறகு கடைசியாக வெளியே வந்தாள். காவல்காரர் பார்த்தும் பார்க்காததுபோல் நின்றார்.

"ஏன்டி இவ்வளவு நேரம்?" என்று அம்மா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

மகள் இருபத்தைந்து வருடம் காத்திருந்த கை அது. அவள் விடவில்லை. வீட்டுக்கு வந்தபோது கதவருகே புது ஆணி அடித்திருந்ததைப் பார்த்தாள். நூலுக்கு மெழுகு ஏற்றிய வாசனை வந்தது. இந்த முறை எல்லா ஆணிகளும் சரியாக உள்பக்கத்தில் இருந்தன. மகள் ஒவ்வொன்றாகப் பார்த்துவிட்டு, செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனாள். அம்மா கதவைச் சாத்தினாள்.

வாசலில் அந்தச் செருப்பு இன்னும் கிடக்கிறது. வாரம் ஒருமுறை சங்குவின் மனைவி வந்து தூசு தட்டி வைத்துவிட்டுப் போகிறாள். கதவை யாரும் தட்டுவதில்லை.