டிரைவர் வாங்கிய அடி

பஸ் டிரைவரை அடித்த அன்று ஊரில் பாதிப் பேருக்கு முன்பல் விழுந்தது. பள்ளிக்கூடத்தில் வாய்ப்பாடு சொல்லிக்கொண்டிருந்த கணக்கு வாத்தியார் வாயைத் திறக்க, பல் மேசைமேல் விழுந்து உருண்டது. தபால்காரர் தன் பல்லை யார் வீட்டு வாசலிலோ தொலைத்தார். மாவு பிசைந்துகொண்டிருந்த ரொட்டிக்கடைக்காரரிடம் அவருடைய பல்லை மறுநாள் ஒரு வாடிக்கையாளர் திருப்பிக் கொடுத்துவிட்டு, ரொட்டிக்குக் காசு தர மறுத்தார். என்ன ஏது என்று ஒருவருக்கும் பிடிபடவில்லை. இஸ்திரிக்காரிக்காவது பிடிபட்டிருக்க வேண்டும். முதல் அடி அவளுடையது.

ஆஸ்பத்திரித் துணிகளுக்கு இஸ்திரி போடுகிறவள் அவள். பெட்டியைத் தூக்கித் தூக்கி வலது கை இடது கையைவிடத் தடித்திருந்தது. கோபம் வந்தால் அந்தக் கைக்கு ஆள் அடையாளம் தெரியாது. அவள் புருஷன் சாவி செய்கிறவன், பூட்டைப் போலவே வாய் திறக்காதவன். அன்று காலை கிளம்பிவிட்ட பஸ்ஸை நிறுத்தக் கையை ஆட்டிக்கொண்டே அவன் முன்னால் ஓடினான், ஈரத்தில் வழுக்கினான், முன்சக்கரத்துக்கடியில் போய்விட்டான். பஸ் குலுங்கி நின்றது. வெளியே ஒரு செருப்பு மட்டும் கிடந்தது.

"கொன்னுட்டான்! என் வீட்டுக்காரரைக் கொன்னுட்டான் பாவி!" என்று அலறியபடி அவள் கதவைத் திறந்து டிரைவரைச் சட்டையோடு பிடித்து இழுத்துக் கீழே தள்ளி, வாயில் ஒரு குத்து விட்டாள். டிரைவரின் பல் உடைந்தது. அதே நொடியில் அவள் வாயும் ரத்தத்தால் நிறைந்தது.

அந்த டிரைவர் தலை நரைக்கும்வரை ஒரே தடத்தில் ஓட்டியவர். பிரசவ வலியோடு ஏறியவளைக் குலுங்காமல் ஆஸ்பத்திரியில் சேர்த்தவர், கல்குவாரி ஆட்களை விடியலில் கொண்டுபோய் அந்தியில் கொண்டுவந்தவர், ஊன்றுகோல்காரர் உட்காரும்வரை கிளட்சில் வைத்த காலை எடுக்காதவர். ஊரில் வேலைக்குப் போய் முழுசாக வீடு திரும்பியவர்கள் அனைவரும் அவர் கையால் திரும்பியவர்கள்தான். அதை யாரும் நினைத்துப் பார்த்ததில்லை. குழாயில் தண்ணீர் வருவதை யார் நினைத்துப் பார்க்கிறார்கள்?

தன் வாயில் ரத்தத்தைக் கண்ட இஸ்திரிக்காரி, டிரைவர் திருப்பி அடித்துவிட்டார் என்றே நம்பிக் கத்தினாள். அதைக் கேட்டுக் கறிக்கடைக்காரர் பாய்ந்துவந்து டிரைவரின் விலாவில் உதைத்தார். உடனே தன் விலாவைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். "திமிரைப் பாருடா, திருப்பிக் குத்துறான்!" என்றார். டிரைவரின் இரண்டு கைகளையும் ஆளுக்கொன்றாக இருவர் பின்னால் முறுக்கிப் பிடித்திருந்ததை அவர் கவனிக்கவில்லை. அந்த இருவருமோ தங்கள் தோள்களை யார் முறுக்குகிறார்கள் என்று பின்னால் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அடித்தவர்களுக்கு வலித்தது, வலித்ததால் ஆத்திரம் வந்தது, ஆத்திரத்தில் இன்னும் ஓங்கி அடித்தார்கள். சோடாக்கடைக்காரர் பாட்டிலால் டிரைவரின் நெற்றியைப் பிளந்துவிட்டுத் தன் கண்ணில் வழிந்த ரத்தத்தைத் துடைத்துக்கொண்டு மறுபடி வந்தார். அப்போது ஆஸ்பத்திரியில் ஊசி போட்டுக்கொண்டிருந்த நர்ஸ் நெற்றி பிளந்து நோயாளியின் மேலேயே விழுந்தாள். தெருத்தெருவாக, யாரும் தொடாமலே ஆட்கள் சரிந்தார்கள்.

மெக்கானிக் இரும்புக் கம்பியைத் தூக்கியபோதுதான் பஸ்ஸுக்கடியிலிருந்து முனகல் கேட்டது. இஸ்திரிக்காரி குனிந்து பார்த்தாள். புருஷன் உயிரோடு இருந்தான். சக்கரம் அவன் வேட்டி நுனியை மட்டும் பிடித்திருந்தது. ஆனால் முகம் முழுக்க ரத்தம். யாரோ டிரைவரின் வயிற்றில் மிதிக்க, அங்கே அடியில் அவன் உடம்பு துள்ளி பஸ்ஸின் அடித்தகட்டில் மோதியது. இன்னொரு மிதி, இன்னொரு துள்ளல். கண்ணால் பார்த்த பிறகு அவளுக்கு வேறெந்த விளக்கமும் தேவைப்படவில்லை.

"நிறுத்துங்கடா! அவரை அடிச்சா இவருக்கு விழுது!"

யார் கேட்டார்கள்? கம்பி இறங்கியது. அவள் நடுவில் விழுந்தாள். அவள் காரை எலும்பு முறிந்தது. அந்த முறிவு அவளோடு நின்றது. வேறு யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. அந்த வித்தியாசம்தான் கூட்டத்தை நிறுத்தியது.

டிரைவர் தவழ்ந்துவந்து பஸ் படியைப் பிடித்தார். "அடியில ஆள் இருக்கான். வண்டியைப் பின்னால எடுக்கணும். வழி விடுங்கப்பா" என்றார், உதடு கிழிந்த வாயால். நான்கு பேர் தூக்கி அவரை இருக்கையில் உட்கார வைத்தார்கள். உடைந்த விலாவோடு அவர் ஸ்டியரிங்கை ஒடித்து, ஒரு சாண், இன்னொரு சாண் என்று பின்னால் எடுத்தார். கியர் போடும் ஒவ்வொரு தடவையும் தெருவே 'அம்மா' என்றது. சாவிக்காரன் வெளியே வந்தான். சக்கரத்தால் அவனுக்கு ஒரு கீறலும் இல்லை. அவன் உடம்பில் இருந்ததெல்லாம் டிரைவருடைய காயங்கள்.

அந்த பஸ்ஸில் ஏறியவர்களுக்கெல்லாம் டிரைவரின் வலியில் பங்கு உண்டு என்று புரிந்தது. அதன்பிறகு ஊர் அவரைக் கண்ணாடிப் பாத்திரம்போல வைத்துக்கொண்டது. அவர் தெருவைக் கடந்தால் நாய்களைக் கட்டினார்கள். அவருக்குச் சளி பிடித்தால் மருந்துக்கடையில் வரிசை நின்றது. இதைக் குவாரி முதலாளி கவனித்துக்கொண்டே இருந்தார். சொந்தக் கார் வைத்திருந்த அவர் ஒருநாளும் அந்த பஸ்ஸில் கால் வைத்ததில்லை. எச்சரிக்கை மணி அடிக்காமல் வெடி வைக்கிறார்கள் என்று ஆட்கள் வேலைக்கு வர மறுத்த வாரத்தில், வெளியூர் அடியாட்களைக் கூட்டிவந்து டிரைவரைப் பிடித்து மேசையில் இடது கையை வைக்கச் சொல்லி, சுண்டுவிரலை வெட்டினார். ஊர் முழுக்கச் சுண்டுவிரல்கள் விழுந்தன. இஸ்திரிக்காரியின் விரல் வெள்ளைப் போர்வைமேல் விழுந்து, எடுப்பதற்குள் கறையாக்கிவிட்டது. "நாளைக்கு வேலைக்கு வரலேன்னா அடுத்த விரல்" என்று சொல்லி அனுப்பினார் முதலாளி. சொல்லிவிட்டுக் காரில் ஏறினார். அவருடைய கார் டிரைவர் தினமும் பஸ்ஸில் வேலைக்கு வருகிறவர். கைக்குட்டையால் கையைச் சுற்றிக்கொண்டு அவர் காரை வீட்டுக்கு ஓட்டவில்லை. பஸ் நிலையத்தில் கொண்டுபோய் நிறுத்திக் கதவைத் திறந்துவிட்டார். "இறங்குங்க முதலாளி. வண்டி மாறணும்."

கை கட்டுப்போட்ட கூட்டம் அவரைத் தூக்கி பஸ்ஸில் ஏற்றியது. அவர் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு கத்தினார், தன்னைப் பிடித்த கைகளைக் கடித்தார். அடியாட்கள் ஓடிவிட்டிருந்தார்கள். டிரைவர் ஒன்பது விரல்களால் ஓட்டி அடுத்த நிறுத்தத்தில் நிறுத்தினார். கண்டக்டர் முறையாக டிக்கெட் கிழித்து முதலாளியின் சட்டைப்பையில் செருகினார்.

இஸ்திரிக்காரி முன்னால் போனாள். "அண்ணே, ஒண்ணே ஒண்ணு. தாங்கிக்குவீங்களா?"

டிரைவர் கன்னத்தைக் காட்டினார். "பாத்து, தங்கச்சி. அந்தக் கையா?"

அந்தக் கையால்தான் அறைந்தாள். ஊர் முழுக்க இடது கன்னங்கள் சிவந்தன; அன்று யாரும் குறை சொல்லவில்லை. முதலாளி பின்சீட்டில் சுருண்டு விழுந்து ஐந்து விரல் பதிந்த கன்னத்தைத் தடவிப் பார்த்தார். மறுநாள் முதல் குவாரியில் மணி அடித்தது. டிரைவருக்கு மாடிப்படி கடினம் என்று கேள்விப்பட்டுக் கைப்பிடி போட்டுக் கொடுத்ததும் அவர்தான்.

வருஷங்கள் போயின. டிரைவர் ஓய்வு பெற்றார், படுக்கையில் விழுந்தார். ஊர் அவரோடு சேர்ந்து மூச்சுவாங்கியது. ஒரு மத்தியானம் டாக்டர் உதட்டைப் பிதுக்கியதும் கடைகளை மூடிவிட்டு எல்லோரும் வீட்டுக்குப் போய், குழந்தைகளைப் பக்கத்தில் போட்டுக்கொண்டு, காத்துப் படுத்தார்கள். இஸ்திரிக்காரி மட்டும் டிரைவரின் கட்டிலருகே இருந்தாள். "பயமா இருக்கா?" என்று கேட்டார் அவர். "இருக்குண்ணே." "கம்பியைப் பிடிச்சுக்கோ."

அவள் கட்டில் கம்பியைப் பிடித்தாள். சிறிது நேரத்தில் ஊரில் எல்லோருடைய உடம்பும் லேசாக முன்னால் சாய்ந்து, மறுபடி பின்னால் சாய்ந்தது. அவ்வளவுதான். அவர் மட்டும் இறங்கியிருந்தார்.

மறுநாள் காலை புது டிரைவர் வண்டியை எடுத்தார். ஏறினால் இனி யாருடைய வலியில் பங்கு என்று ஊருக்குத் தெரியும். நிறுத்தத்தில் கூட்டம் வழக்கம்போல நின்றது. இஸ்திரிக்காரி படியில் ஒரு காலை வைத்தபடி கேட்டாள்.

"உடம்புக்கு ஒண்ணும் இல்லையே, தம்பி?"

"லேசா தலை வலிக்குதுக்கா."

"சரி, போற வழியில மாத்திரை வாங்கிக்கலாம்" என்று சொல்லிவிட்டு ஏறி உட்கார்ந்தாள்.