யூட் சாப்பிடும் காட்சி

1986இல் மன்னாரில் ஜீப்பில் வந்தவர்கள் பிடித்துக்கொண்டுபோய்த் திரும்பிவராத யூட், 1993 மாசி மாதம், லண்டனில் மிச்சம் என்ற ஊரில் நடந்த எஸ்தோனியப் படப்பிடிப்புக்குச் சொன்ன நேரத்துக்கு வந்துசேர்ந்தான். அவனுடைய தகப்பன் அருட்பிரகாசம்தான் படத்தின் தயாரிப்பாளர். சோவியத் புலமைப்பரிசிலில் மொஸ்கோவுக்குப் படிக்கப்போய், பிறகு எஸ்தோனியத் தலைநகர் தாலினில் ஒரு சினிமா ஸ்டூடியோவில் வேலைக்குச் சேர்ந்து அங்கேயே தங்கிவிட்டவர். இயக்குநர்கள் எதைக் கேட்டாலும் கொண்டுவந்து நிறுத்துவார்: ஆடி மாதத்தில் உறைந்த ஏரி, செத்துப்போன நடிகையின் குரல். எப்படி என்று யாரும் கேட்டதில்லை. மகனைக் கொண்டுபோன கிழமை அவர் ஒரு படத்துக்காக நாரைகளைத் தேடி எஸ்தோனியத் தீவுகளில் அலைந்துகொண்டிருந்தார்.

அதற்குப் பிறகு மனைவி இம்மாகுலேற் மன்னாரைவிட்டு, லண்டனில் இருந்த தமக்கையிடம் வந்துவிட்டாள். எஸ்தோனியா தனிநாடான வருடம் அவரும் வந்தார். அவள் அவரோடு ஒரு வருடம் பேசவில்லை. பிறகு ஒருநாள் சோற்றைப் போட்டுவிட்டுச் சொன்னாள்: “படத்துக்கெண்டால் எல்லாம் கொண்டருவீங்கள். அவனையும் ஒரு படத்தில போடுங்கோ.”

அப்போது ரைவோ என்ற இயக்குநர், லண்டனில் ஒதுங்கிப்போன எஸ்தோனிய மாலுமிகளைப் பற்றிப் படமெடுக்க வந்திருந்தார். அருட்பிரகாசம் கேட்டதற்காக, மாலுமிகள் தங்கும் வீட்டில் ஒரு தமிழ்ப் பெடியன் சோறு சாப்பிடும் காட்சியைச் சேர்த்தார். அதை அருட்பிரகாசத்தின் வீட்டுக் குசினியிலேயே எடுத்தார்கள். யூட்டுக்குப் பத்தொன்பது வயதாகவே இருந்தது; போகும்போது போட்டிருந்த சேட்டோடு வந்திருந்தான். படம் முடியும்வரைதான் இருப்பான் என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

அதனால் காட்சி முடியவில்லை. இம்மாகுலேற் விளைமீன் குழம்பு வைப்பாள், யூட் சாப்பிடுவான், ரைவோ, மங்கலாக விழுந்துவிட்டது, நாளைக்கு மறுபடி எடுப்போம் என்பார். அவருடைய தாத்தாவையும் சோவியத் காலத்தில் சைபீரியா ரயிலில் ஏற்றிக்கொண்டுபோயிருந்தார்கள். இப்படி இரண்டு வருடத்துக்கு மேல் போனது. மாலுமியாக நடித்த கிழவர் இறந்துபோனார். தெருச்சனம் விளக்கு வயர்களைத் தாண்டித்தான் பஸ்ஸுக்குப் போனது. காட்சியில் கட்டில் இல்லாதபடியால் யூட்டால் படுக்க முடியவில்லை. கட்டில் ஒன்றை எழுதிச் சேர்த்தும் பார்த்தார்கள். படுத்தான், நித்திரை வரவில்லை. கண்கள் சிவந்துகொண்டே போயின.

1995 ஐப்பசியில் ஒரு மத்தியானம் அவன் சோற்றில் கைவைத்தபடி தகப்பனைப் பார்த்தான்.

“அப்பா, எனக்குக் களைச்சுப்போச்சு. முடியுங்கோ.”

“இன்னும் ஒருக்கா எடுப்பம், மகன்.”

“ஏலாது அப்பா.”

அருட்பிரகாசம் மனைவியைப் பார்த்தார். அவள் மகனின் சோற்றுக் கோப்பையில் இன்னொரு மீன்துண்டை வைத்தாள்.

“இதைச் சாப்பிட்டிட்டுப் போகட்டும்.”

அவன் முள்ளெடுத்து ஆறுதலாகச் சாப்பிட்டான். இந்த முறை நன்றாக வந்திருக்கிறது என்றார் ரைவோ. யூட் கதிரையைத் தள்ளி எழும்பி, வாசல் கதவைத் திறந்து, பஸ் நிறுத்தத்தின் பக்கமாக நடந்துபோனான். யாரும் பின்னால் போகவில்லை.

அந்தக் கிழமை இம்மாகுலேற் மகனின் ஆன்மாவுக்காகப் பூசை ஒப்புக்கொடுக்கப் போனாள். எப்போது இறந்தவர் என்று பங்குச் சுவாமி கேட்டார்.

“செவ்வாய்க்கிழமை. சாப்பிட்டாப் பிறகு.”

ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் சுவாமி அதை அப்படியே வாசித்தார். சனம் ஆமென் என்றது.